ராடருக்குக் கட்டிய தகரம்

…அப்படியென்றால் அந்த ராடர் சும்மாதான் சுற்றியிருக்கிறது, ஒன்றையும் பார்க்காமல், காற்றாடி மாதிரி… தங்கரத்தினம் விளக்குமாற்றைச் சுவரில் சாத்திவிட்டு நின்றாள். அந்த மனுசன் பேரப்பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு படியிறங்கிப் போய்விட்டான், குறை சொல்ல ஒன்றுமில்லை, அம்மா என்றுதான் கூப்பிட்டான், முன்னொரு காலம் கடற்படையில் இந்த ராடர் மலையில் திரைக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவனாம், பிள்ளைகளுக்கு இடத்தைக் காட்ட வந்தானாம். காட்ட என்ன கிடக்கிறது? வெள்ளைக்காரன் பீரங்கி வைத்த சீமெந்து மேடை, அதன்மேல் சண்டைக்காலத்தில் நட்ட இரும்புக் கோபுரத்தின் அடிக்கட்டை, சண்டை முடிந்து எல்லாவற்றையும் கழற்றிக்கொண்டு போனபின் மிஞ்சிய கூரையில்லாத அறை, இப்போது நிலாவெளிக்கு வருகிற உல்லாசப் பயணிகள் ஏறிநின்று படமெடுக்கிற இடம், அதைக் கூட்டிப்பெருக்க அறுபது வயதில் இவள். இரவும் பகலும் ஓயாமல் கடலைக் காவல் காத்தது என்று மூன்று மொழியில் பலகை வேறு, அதையும் இவள்தான் தினம் துடைக்கிறாள்.

கேட்காமல் விட்டிருக்கலாம். ஆனால் எட்டு மாதமாய் மூச்சு வாங்க வாங்க இந்தக் குன்றில் ஏறியதே, கேட்பதற்கு ஓர் ஆள் என்றைக்காவது வரமாட்டானா என்றுதானே… வந்தான், கேட்டாள், இரண்டாயிரமாம் ஆண்டு பங்குனியில் நீங்கள் இங்கேயா இருந்தனீங்கள், சின்னத் தகரப் பேணி கட்டின வள்ளம் உங்கட ராடரில தெரியுமா என்று. அவன் சிரித்தான். "அந்தப் பங்குனி ஒண்டும் தெரியாது அம்மா. மிசின் பழுது. உள்ளுக்குப் படம் இல்ல. சனம் பயப்பட வெளிய மட்டும் சுத்த விட்டது." பிறகு இவள் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை விழுங்கிக்கொண்டான், ஏன் அம்மா, உங்கட ஆள் யாரும்… இல்லை தம்பி, சும்மா கேட்டனான்.

சும்மாவா? தகரம் கட்டாத வள்ளம் கடலில் இறங்கக்கூடாது என்பது அந்த நாளைய கடற்படைக் கட்டளை, பைபர் வள்ளம் ராடரில் விழாதாம், விழாதது எல்லாம் எதிரியின் வள்ளமாம், அதனால் பெரிய பிஸ்கட் தகரத்தைத் தடியில் உயரக் கட்டிக்கொண்டுதான் ஊரே தொழிலுக்குப் போனது. அவள் புருசன் ஆனந்தராசாவும் அப்படித்தான். அந்தத் தகரத்தை அவிழ்த்தது இவள், இந்தக் கை… வறுத்த மா முழுக்க எறும்பு, மூடி வைக்க வேறு ஏனமில்லை, மாவை அதில் கொட்டிவிட்டு, தகரம் எல்லாம் தகரம்தானே என்று ஒரு பால்மாப் பேணியை அதே முடிச்சில் கட்டிவிட்டாள், அவரிடம் சொல்லவேண்டும் என்று நினைத்தாள், வேலைக்குள் மறந்தே போனாள். விடியப்புறம் போன வள்ளம் வரவில்லை, ஒரு மிதப்புக்கட்டைகூடக் கரை ஒதுங்கவில்லை. மாமிதான் கிழமைக்கு ஒருதரம் இந்த மலையடிவாரத்து முகாம் வாசலில் வந்து நிற்பார், "என்ர பிள்ளை தகரம் கட்டித்தான் போனவன், கண்டிருப்பாங்கள், எங்கயோ கொண்டுபோய் வச்சிருக்கிறாங்கள்" என்று வெயிலில் கத்துவார், குடை பிடித்துக்கொண்டு பக்கத்தில் இவள், வாய் திறந்தால்தானே… மாமி கண்மூடும்வரை பிள்ளை உயிரோடிருக்கிறான் என்றே நம்பினார், சொல்லாமல் விட்டது பாவமா, நல்லதா?

மடைச்சி, இப்போது நிம்மதியாக அல்லவா இருக்கவேண்டும், பிஸ்கட் தகரம் என்றாலும் பேணி என்றாலும் ஒன்றுதான், உன் பிழை இல்லை என்று ஒருத்தன் ஏறிவந்து சொல்லிவிட்டுப் போயிருக்கிறான்… ஆனால் கடலில் ரோந்து நின்ற கடற்படைப் படகுக்காரன் கண்ணால் பார்த்திருந்தால், பேணி சின்னது என்று சந்தேகப்பட்டிருந்தால்… சீ, எதற்கு அந்தப் பிழையை இழுத்து இழுத்துப் பிடிக்கிறாள், விட்டால் என்ன? விட்டால் அவருடையதென்று தன்னிடம் எதுவும் மிஞ்சாது என்ற பயம், வேறென்ன, அழுகை வந்தது, யாரும் இல்லை, அழுதாள். சரி, தகரத்தை விடு, அவரை நினை, அன்று விடியப்புறம் அவரை… குசினி வருகிறது, மா வருகிறது, முடிச்சு வருகிறது, வாசலில் போயிட்டு வாறன் என்ற அவர் குரல், அடுப்பைப் பார்த்தபடியே தான் ம் என்றது… நிமிர்ந்து பார்த்தாளா? எத்தனை விசாரணை, எத்தனை படிவம், கடைசியாய் என்ன உடுத்திருந்தார் என்று கேட்ட இடத்திலெல்லாம் யோசிக்காமல் நீலச் சட்டை என்றுதானே எழுதிக் கொடுத்தாள்… நீலமா?