முதல் பக்கத்தில் பெயர்கள்

ஊரில் யுத்தம் முடிந்துவிட்டதென்று ரேடியோ சொல்லி பன்னிரண்டு நாளாகியும் மங்கையற்கரசிக்குத் தங்கை பேபியைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. மார்ச் மாதம் கடைசியாகப் பேசியபோது பேபியும் இரண்டு பிள்ளைகளும் புதுக்குடியிருப்புக்குக் கிழக்கே எங்கோ இருந்தார்கள். இப்போது ஏதாவது ஒரு முகாமில் இருக்கலாம். இல்லாமலும் போயிருக்கலாம். கனடாவில், சென் ஜேம்ஸ் ரவுணில் பதினேழாம் மாடியில் குடியிருந்த மங்கை வேலைக்குப் போனாள், வந்தாள், ஃபோனைப் பார்த்தபடி சாப்பிட்டாள்.

சனிக்கிழமை காலை அழைப்பு வந்தது நோர்வேயிலிருந்து. கனடாவுக்கு வருமுன் அந்த நாட்டின் வடகோடியில், ஒரு சின்ன மீன்பிடி ஊரில், பதினொரு வருடம் மீன் ஆலையில் வேலை செய்தவள் மங்கை. அந்த ஊருக்கென்றே வாரம் இருமுறை வரும் எட்டுப் பக்கப் பத்திரிகையை எழுத்துக்கூட்டி வாசித்துத்தான் மொழி பிடிபட்டது. பேசியது அந்தப் பத்திரிகையின் ஆசிரியை இங்கெர்.

"உன் ஆட்கள் நலமா?" என்றாள் நோர்வே மொழியில்.

"தெரியாது. யார் எங்கே இருக்கிறார்கள் என்று இங்கே ஒருவருக்கும் தெரியாது."

இங்கெர், "எங்கள் பத்திரிகை எப்படித் தொடங்கியதென்று உனக்குச் சொல்லியிருக்கிறேனா?" என்று கேட்டாள்.

சொன்னதில்லை. 1944இல் பின்வாங்கிய ஜெர்மன் படை ஊரை ஒரு வீடு மிச்சமில்லாமல் எரித்தது. சனத்தைக் கப்பலில் ஏற்றித் தெற்கே கொண்டுபோய்ச் சிதறவிட்டது. மறு வருடம் யுத்தம் முடிந்ததும் முதலில் திரும்பியவர்களில் இங்கெரின் தகப்பனும் ஒருவர். கையால் சுற்றும் பிரதி இயந்திரம் ஒன்றைப் பலகைக் கொட்டிலில் வைத்து ஒற்றைத் தாள் அடித்தார். வெற்றிச் செய்தி இல்லை, தலையங்கம் இல்லை. இன்னார் இந்த ஊரில் இருக்கிறார், இன்னார் இன்னாரைத் தேடுகிறார். அவ்வளவுதான்.

"ஆறு மாதம் அப்பா வேறொன்றும் போடவில்லை," என்றாள் இங்கெர். "அதற்குத்தான் சனம் காத்திருந்தது."

ஃபோனை வைத்ததும் மங்கை சப்பாத்தை மாட்டிக்கொண்டு சப்வேயும் பஸ்ஸும் பிடித்து வோபர்னுக்குப் போனாள். அங்கே ஊரின் கிழக்குக் கரையிலிருந்து வந்த மருதமுனைக்காரர் ஹபீபுல்லாஹ் அச்சகம் வைத்திருந்தார். கலியாணக் கார்டுகளோடு, தமிழ்க் கடைகளில் சும்மா எடுத்துப்போகிற விளம்பரத் தாள் ஒன்றும் வாராவாரம் அடிப்பார். மங்கைக்கு அவரை முன்பின் தெரியாது.

"நானா, முதல் பக்கத்தை எனக்குத் தாங்கோ," என்றாள், ஊரில் முஸ்லிம் அண்ணன்மாரை அழைக்கிற முறையில். தேடப்படுகிறவர்களின் பெயர்களைப் போடவேண்டும் என்று விஷயத்தைச் சொன்னாள்.

ஹபீபுல்லாஹ் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "சுனாமிக்குப் பொறகு எங்கட பள்ளிவாசல் சுவர்ல இப்படித்தான் பேர் எழுதி ஒட்டினாங்க. என்ட ராத்தா, எனக்கு மூத்தவ, உயிரோட இருக்கான்னு அதப் பாத்துத்தான் தெரிஞ்சது." கண்ணாடியை மறுபடி போட்டுக்கொண்டார். "ஆனா புள்ள, ஆள் கிடைச்சாலும் எந்த முகாம்னு போடாதீங்க. ஆர்மி பாத்தா அவங்களுக்கு அது கரைச்சலாகிடும். பேர், ஊர், வயசு. தொலைபேசிக்கு என்ட கடை நம்பர்."

"விளம்பரக்காரர் கோவிக்க மாட்டினமோ?"

"அவங்களுக்கும் தேட ஆள் இருக்கு."

முதல் தாளில் நாற்பத்தொரு பெயர்கள். ஸ்காபரோ மளிகைக் கடைகளில் மங்கையே கொண்டுபோய் வைத்தாள். றிச்மண்ட் ஹில் கோவில் வாசலில் நின்று கொடுத்தாள். இரண்டாவது தாளுக்கு நூற்றெழுபது பெயர்கள் சேர்ந்தன. வேலை முடிந்து நேரே அச்சகத்துக்கு வந்து அழைப்புகளைக் குறித்துக்கொள்வாள். மூன்றாம் வாரம், நாகமணி என்ற முதியவர் தன் மகன் உயிரோடு இருப்பதாகச் சொல்ல நேரிலேயே வந்தார். சொல்லிவிட்டுக் கதிரையில் அமர்ந்து அழுதார். ஹபீபுல்லாஹ் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தார். மங்கைக்கு அன்று சந்தோசமாகவும் இருந்தது, பொறாமையாகவும் இருந்தது. அந்தப் பொறாமைக்காகப் பஸ்ஸில் வெட்கப்பட்டாள்.

ஜூலை நடுவில் ஒரு சனிக்கிழமை காலை, அச்சகத்துத் தொலைபேசி அடித்தது. மங்கை எடுத்தாள். இரைச்சலுக்குள் ஒரு பெண் குரல்.

"அக்கா, பேபி கதைக்கிறன்."

மங்கை தொலைபேசியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"பிள்ளையள் ரெண்டும் என்னோட நிக்குதுகள். எனக்குக் கால்ல காயம், ஆறுது. இஞ்ச ஒராளின்ர தம்பி கனடாவில உங்கட தாளைப் பாத்துத்தான் நம்பர் தந்தவர். அக்கா, அழாதேங்கோ, இரவல் ஃபோன். பேனை இருக்கோ?"

"ஓம், இருக்கு."

"இஞ்ச பக்கத்துக் கூடாரங்களில பதினாலு பேர் நிக்கினம். ஒருத்தருக்கும் வெளியில தொடர்பில்லை. சொல்லுறன், எழுதுங்கோ."

ஹபீபுல்லாஹ் ஒரு வெள்ளைத் தாளை அவள் பக்கம் தள்ளினார். மங்கை கன்னத்தைத் தோளில் துடைத்துக்கொண்டு எழுதத் தொடங்கினாள்.