ஹெரிக்னாஸ் என்று எழுதியவன்

என் நண்பன் அவேத்திஸ் இறந்த முப்பத்தொன்பதாம் நாள் காலையில் அவனுடைய ஐந்தாவது மகள் என் வீட்டுக் கதவைத் தட்டினாள். நான் அவளுடைய கவோர், அதாவது ஞானத்தகப்பன். அவளிடம் நான் ஓர் உண்மையைச் சொல்ல வேண்டியிருந்தது. முப்பத்தாறு வருடமாகச் சொல்லாமல் வைத்திருந்த உண்மை.

“வா, கண்ணு” என்றேன்.

“நீங்க மாறவே இல்ல, கவோர்” என்று சிரித்தாள். “ஊரே என்னைப் பேரு சொல்லிக் கூப்பிடுது. நீங்க மட்டும் எப்பவும் கண்ணு, கண்ணுதான்.”

உள்ளிருந்து என் மனைவி கோஹார் சத்தம் போட்டாள். “பிரான்சுலேர்ந்து வந்த பொண்ணை வாசல்லயே நிறுத்தி வெச்சிருக்கான் பாரு! முப்பது வருஷம் பஸ் ஓட்டினவன் இல்லையா, டிக்கெட் கேட்டுட்டுத்தான் உள்ள விடுவான்.”

அவள் பெயர் ஹெரிக்னாஸ். எங்கள் மொழியில் ‘ஹெரிக்’ என்றால் ‘போதும்’. ‘நாஸ்’ என்றால் கொஞ்சல். பாரசீகத்திலிருந்து எப்போதோ வந்து எங்கள் பெண்களின் பெயர்களில் ஒட்டிக்கொண்ட சொல். வரிசையாகப் பெண்ணாகவே பிறந்துகொண்டிருந்த வீட்டில், கடைசியாக வந்தவளுக்கு அந்தக் காலத்தில் இந்தப் பெயரை வைப்பார்கள். பெண் போதும், அடுத்தது பையனாக அனுப்பு என்று கடவுளுக்குச் சொல்லும் செய்தி அது. கொஞ்சம் கொஞ்சலும் சேர்த்திருப்பது, குழந்தைக்கு வலிக்காமல் இருக்கட்டும் என்று. செவான் ஏரியை ஒட்டிய எங்கள் கவார் வட்டாரத்தில் ஊருக்கு ஒருத்தியாவது அந்தப் பெயரில் இருந்தாள்.

கோஹார் காப்பி கொதிக்க வைத்து, கேக்கும் வெட்டி வைத்தாள். ஹெரிக்னாஸ் லியோன் நகரத்தில் பல் கட்டித் தரும் கூடமொன்றில் வேலை செய்கிறாள். முப்பத்தாறு வயது. காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு நேராக விஷயத்துக்கு வந்தாள்.

“திங்கக்கிழமை பதிவு அலுவலகத்துக்குப் போறேன், கவோர். பேரை மாத்தப் போறேன். எலினா.”

கோப்பையைக் கீழே வைத்தேன்.

“சட்டப்படி உங்களைக் கேக்கணும்னு ஒண்ணும் இல்ல. அம்மாதான், கவோர் காதுல போடாம செஞ்சா கல்லறையில இருக்கறவருக்கே அவமானம்னு ஒரே பிடிவாதம். சொல்லிட்டேன். அவ்ளோதான்.”

“அப்பா...” என்று ஆரம்பித்தேன்.

“அப்பா பத்தி வேண்டாமே. நாளைக்குக் கல்லறைக்கு வரேன். அம்மாவுக்காக. ஊதுபத்தி ஏத்திட்டு வந்துடுவேன். என்னைப் பார்த்து ‘போதும்’னு சொன்ன மனுஷனுக்கு இதுக்கு மேல என்ன செய்யணும்?”

அப்போதே சொல்லியிருக்க வேண்டும். என் சட்டைப் பையில் ஒரு பழைய கடிதம் இருந்தது. அவேத்திஸை அடக்கம் செய்த நாளிலிருந்து அதைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தேன். “இன்னொரு துண்டு கேக் எடுத்துக்கோ” என்று மட்டும் சொன்னேன்.

எங்கள் வழக்கத்தில் கல்யாணத்தின்போது மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் நிற்பவன்தான் கவோர். அந்த வீட்டில் பிறக்கும் குழந்தைகளுக்கெல்லாம் அவனே ஞானத்தகப்பன். பெயர் வைக்கும் உரிமையும் அவனுடையது. தகப்பன் தான் விரும்பும் பெயரைக் கவோர் காதில் போடலாம். ஆனால் கவோர் வாயிலிருந்து வந்த பெயரைத் தகப்பன் மாற்ற மாட்டான். கூடப் பிறந்தவனோடு பத்து வருடம் பேசாமல் இருக்கலாம், கவோரோடு ஒரு நாள் முகத்தைத் திருப்பக் கூடாது.

அவேத்திஸின் முதல் நான்கு பெண்களுக்கும் அவன்தான் பெயர் சொன்னான், நான் தலையாட்டினேன். ஐந்தாவது பிறந்தபோது அவன் சைபீரியாவில் கட்டட வேலையில் இருந்தான். 1978, மார்ச். குழந்தை பிறப்பதற்கு இரண்டு வாரம் முன்பே எனக்கு ஒரு கடிதம் போட்டிருந்தான்.

பெண் பிறந்த செய்தி வந்த அன்று பஸ் நிலையத்துச் சாப்பாட்டுக் கடையில் நாங்கள் ஏழெட்டுப் பேர் உட்கார்ந்திருந்தோம்.

“அஞ்சாவதும் பொண்ணா? இனி அவன் வீட்டுப் பாவாடையெல்லாம் காயப்போட செவான் ஏரி நீளத்துக்குக் கயிறு கட்டணும்டா” என்றான் ஒருவன்.

“அவனைச் சொல்லாத. கவோரைச் சொல்லு. அடுத்தவன் கவோரா நின்னா பையன் பொறக்குது. இவன் நின்னா பாவாடைதான்.”

எல்லோரும் சிரித்தார்கள். எனக்குக் காது சுட்டது. மூன்று கிளாஸ் உள்ளே போயிருந்தது. எழுந்தேன்.

“சிரிங்கடா. இன்னும் ரெண்டு வருஷத்துல அவன் வீட்ல பையன் இருப்பான். எப்படின்னு பாருங்க” என்று சொல்லிவிட்டு நேராகப் பதிவு அலுவலகத்துக்குப் போனேன். எழுத்தர் எனக்குத் தெரிந்தவர். பெயர் என்ன என்று கேட்டார். ஹெரிக்னாஸ் என்றேன். அவேத்திஸின் கடிதம் அப்போது என் பையில்தான் இருந்தது.

அதோடு நிறுத்தியிருந்தால்கூடப் பரவாயில்லை. மருத்துவமனையில் அவன் மனைவி சத்தேனிக் அந்தப் பெயரைக் கேட்டதும் சுவர் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். அவள் அழுவதைப் பார்க்கப் பயந்து நான் சொன்னேன்: “அவேத்திஸ்தான் எழுதியிருந்தான், தங்கச்சி. அவன் ஆசை.”

அக்டோபரில் அவேத்திஸ் திரும்பி வந்தான். சத்தேனிக் அவனை எப்படி வரவேற்றிருப்பாள் என்று எனக்குத் தெரியாது. மறுநாள் என் வீட்டுக்கு வந்தான். ஒரு பெட்டி சாக்லேட்டும் ஒரு கம்பளித் தொப்பியும் எனக்காக வாங்கி வந்திருந்தான். மேஜைமேல் வைத்தான். ரொம்ப நேரம் என்னையே பார்த்தான்.

“கடுதாசி வந்துச்சா, செரோப்?”

“வந்துச்சு.”

“சரி” என்றான். அதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. நான் கவோர்.

இரண்டு வருடம் கழித்துப் பையன் பிறந்தான். ஊரே என் தோளில் தட்டியது. செரோப் சொன்னால் மேலே கேட்கிறது என்று எனக்காகக் கிளாஸ் உயர்த்தினார்கள். அவேத்திஸும் உயர்த்தினான். நானும் வெட்கமில்லாமல் குடித்தேன்.

அந்தப் பெண்ணைப் பெயர் சொல்லிக் கூப்பிட மட்டும் எனக்கு வாய் வரவில்லை.

போர்க்காலத்தில், மின்சாரமும் இல்லாமல் ரொட்டியும் அளந்து கொடுத்த அந்தக் குளிர்காலத்தில் அவளுக்குப் பதினைந்து வயது. ரொட்டி வரிசையில் கடைக்காரன் எல்லோர் முன்னாலும் கேட்டானாம்: “உனக்கு எதுக்கு ரொட்டி? நீதான் போதுமாச்சே!” வெறுங்கையோடு வீட்டுக்கு வந்தாள். நான் அங்கே அவேத்திஸோடு உட்கார்ந்து பகடை ஆடிக்கொண்டிருந்தேன். எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“இந்தப் பேரை வெச்சது உங்க ரெண்டு பேர்ல யாரு?”

அடுப்பில் விறகு வெடித்தது. நான் பகடையைப் பார்த்தேன்.

“நான்தான்” என்றான் அவேத்திஸ். “கவோர்கிட்ட நான்தான் எழுதச் சொன்னேன்.”

பதினெட்டு வயதில் அவள் ஊரை விட்டுப் போனாள். போனதுகூட என் பஸ்ஸில்தான். எனக்குப் பின்னால் முதல் இருக்கை. தலைநகர் யெரெவான் போய்ச் சேர இரண்டு மணி நேரம். ஏரி ஓரமாகப் போகும்போது சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். ஏரி முடிந்தது. மலையில் ஏறும்போது சொல்லலாம் என்றேன். மலையும் முடிந்தது. இறங்கும்போது அவள் பெட்டியை எடுத்துக் கொடுத்தேன்.

அதற்குப் பிறகு அவள் தொலைபேசியில் பேசுவது தாயோடு மட்டும். அவேத்திஸ் எடுத்தால் ஒரே வாக்கியம்: “அம்மாகிட்ட குடுங்க.”

இந்த ஆகஸ்டில் அவன் மருத்துவமனையில் கிடந்தபோதும் அதே வாக்கியம்தான். நான் கட்டில் பக்கத்தில் இருந்தேன். போனைச் சத்தேனிக்கிடம் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டான். சத்தேனிக் போனோடு தாழ்வாரத்துக்குப் போனதும் நான் அவன் காதருகே குனிந்தேன்.

“இன்னைக்கே அவகிட்ட சொல்லிடறேன், அவேத்திஸ்.”

“விடு, செரோப்” என்றான். “அவ கோபம் எனக்குப் பழகிப்போச்சு. உனக்குப் பழக்கமில்ல.”

நான்கு நாளில் போய்விட்டான். யாரை அவன் கெஞ்சிக் கெஞ்சிப் பெற்றதாக ஊர் நினைத்ததோ அந்தப் பையன் ரஷ்யாவிலிருந்து வந்து, மூன்று நாள் இருந்துவிட்டு, வேலை இருக்கிறது என்று கிளம்பிவிட்டான். நாற்பதாம் நாள் சடங்குக்கு வரவில்லை.

அந்த நாற்பதாம் நாள் வந்தது. கல்லறையில் பாதிரியார் ஜெபம் செய்தார். ஹெரிக்னாஸ் சொன்னபடியே ஊதுபத்தி ஏற்றிவிட்டுத் தள்ளி நின்றாள். வீட்டுக்கு வந்து நாற்பது பேர் மேஜையைச் சுற்றி உட்கார்ந்தோம். வேகவைத்த ஆட்டிறைச்சி, புது உருளைக்கிழங்கு, வோட்கா. இறந்தவனுக்காகக் குடிக்கும்போது கிளாஸ்களை மோதுவதில்லை. முதல் கிளாஸை உயர்த்திப் பேச வேண்டியவன் கவோர்.

எழுந்து நின்றேன். வழக்கமான வார்த்தைகள் தயாராக இருந்தன. நல்ல உழைப்பாளி, நல்ல தகப்பன், கடவுள் அவன் ஆன்மாவுக்கு ஒளி தரட்டும். நல்ல தகப்பன் என்ற இடத்தில் ஹெரிக்னாஸ் தட்டிலிருந்து தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தாள். கிளாஸைக் கீழே வைத்தேன்.

“அந்தப் பேரை அவன் வைக்கல. நான் வெச்சேன்” என்றேன்.

கோஹார் என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். “உக்காரு, செரோப். வெறும் வயித்துல குடிச்சிருக்க.”

“நான் இன்னும் குடிக்கவே இல்ல” என்றேன். கடையில் நடந்தது, எழுத்தரிடம் சொன்னது, மருத்துவமனையில் சொன்ன பொய், எல்லாவற்றையும் சொன்னேன். கடிதத்தை எடுத்து மேஜைமேல் வைத்தேன். கைக்குக் கை மாறி அது ஹெரிக்னாஸிடம் போனது.

அதில் இருந்தது இவ்வளவுதான்: ‘செரோப், இங்கே வேலைக்குப் போகும் நேரத்தில் பனிக்கு மேலே ஒரே ஒரு வெள்ளி தெரிகிறது. அதைப் பார்க்கும்போது வீட்டுக்குப் பக்கத்தில் இருப்பது மாதிரி இருக்கிறது. பையன் பிறந்தால் உன் இஷ்டம். பெண்ணாகப் பிறந்தால் அருஸ்யாக் என்று வை. வேறு பெயர் வேண்டாம்.’

அருஸ்யாக் என்றால் விடிவெள்ளி.

முதலில் பேசியது சத்தேனிக். எழுபத்திரண்டு வயது.

“முப்பத்தாறு வருஷம் அந்த மனுஷனைத் திட்டினேனே, செரோப். ஒவ்வொரு சண்டையிலயும் இதைச் சொல்லித்தானே குத்தினேன். ஒரு தடவைகூட அவர் வாயைத் திறக்கலையே.”

ஹெரிக்னாஸ் கடிதத்தை மறுபடி படித்தாள். பிறகு மடித்தாள்.

“சின்ன வயசுல மாட்டுக்கொட்டில்ல தனியா இருக்கும்போது ‘அரு’ன்னு கூப்பிடுவார். அது என்ன பேருப்பான்னு கேட்டா, மாட்டோட பேருன்னு சொல்லிச் சிரிப்பார்.” என் பக்கம் திரும்பினாள். “இதை நாப்பத்தோரு நாளைக்கு முன்னாடி குடுத்திருக்கலாமே, கவோர். நாப்பத்தோரு நாள். நான் ஒரு போன் பண்ணியிருப்பேன்.”

அவள் எழுந்து உள்ளே போனாள்.

திங்கட்கிழமை காலை என் பழைய காரை எடுத்துக்கொண்டு அவர்கள் வீட்டு வாசலில் நின்றேன். வர மாட்டாள் என்று நினைத்தேன். வந்து ஏறினாள். அதே பதிவு அலுவலகம். கதவு மட்டும் புதுசு.

அருஸ்யாக் என்று மாற்றிக்கொண்டு வெளியே வருவாள் என்று நான் எதிர்பார்த்தேன். உண்மையைச் சொன்னால், ஆசைப்பட்டேன். அப்படி நடந்தால் நான் செய்தது ஒரு கையெழுத்தில் அழிந்துபோகும் என்று ஒரு நப்பாசை.

இருபது நிமிடத்தில் வந்தாள். கையில் விண்ணப்பம் அப்படியே இருந்தது. நான் காரிலிருந்து இறங்கினேன்.

“மாத்தல” என்றாள்.

“ஏன், கண்ணு? அவன் ஆசைப்பட்ட பேரு...”

“அதைச் சொல்லிக் கூப்பிட வேண்டியவர் இல்லையே. வேற யாரு வாயிலயும் எனக்கு அது கேக்க வேண்டாம். எலினா அப்பா மேல இருந்த கோபத்துல எடுத்த பேரு. அந்தக் கோபத்தையும் நீங்க வாங்கிட்டீங்க.” விண்ணப்பத்தை நான்காக மடித்துக் கைப்பைக்குள் போட்டாள். “நீங்க வெச்ச பேரே இருக்கட்டும். ஆனா ஒண்ணு. இனிமே கண்ணு, கிண்ணு எல்லாம் கிடையாது. நீங்க எழுதினதை நீங்களே சொல்லுங்க. கூப்பிடுங்க பாக்கலாம்.”

“இங்கயா?”

“இங்கதான்.”

தெருவில் ஆட்கள் போய்க்கொண்டிருந்தார்கள். உருளைக்கிழங்கு மூட்டை ஏற்றிய லாரி ஒன்று எங்களைத் தாண்டிப் போனது. அந்தச் சத்தம் அடங்கும்வரை அவள் காத்திருந்தாள்.

“ஹெரிக்னாஸ்” என்றேன்.

“என்ன, கவோர்?”

சாதாரணமாகத்தான் கேட்டாள், யார் கூப்பிட்டாலும் கேட்பதுபோல. அப்போது நான் அவளிடம் மன்னிப்புக் கேட்டிருக்க வேண்டும். வாய் வரவில்லை. அவள் இன்னும் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் கார் கதவைத் திறந்து உட்கார்ந்தாள்.

“வண்டியை எடுங்க” என்றாள். “அம்மா தனியா இருக்காங்க.”