பாடி இல்லீங்க

அந்த ஆஸ்பத்திரியில் அவளுக்கு ‘ரேடியோ’ என்று பெயர். ஊசி குத்தும் நேரத்திலும் ஊர்க்கதை பேசுகிற நர்ஸ். அப்பேர்ப்பட்டவள் கொஞ்ச நாளாக வாயே திறப்பதில்லை.

போலீஸ் இழுத்து வந்த ஓர் இளைஞன் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு, “அக்கா, அடிச்சிட்டாங்கக்கா” என்றான். டாக்டரைக் கூப்பிட ஓடியவள் திரும்புவதற்குள் மூச்சு அடங்கிவிட்டது. வரும்போதே உயிர் இல்லை என்று டாக்டரை எழுத வைத்துவிட்டார் இன்ஸ்பெக்டர்.

அன்றிலிருந்து குழாயைத் திறந்தால் ஒரு குரல், கதவைச் சாத்தினால் ஒரு குரல். அக்கா. கூடப்பிறந்தவர்கள் இல்லாத இவளும் “என்னடா?” என்று திரும்பித் தொலைக்கிறாள். சுவர்தான் நிற்கும். பயமில்லை, பதில் சொல்ல முடியாத வெட்கம்.

புருஷன் அதே ஆஸ்பத்திரியில் ஆம்புலன்ஸ் டிரைவர். அந்தச் சாவைப் பற்றிய விசாரணைக்கு அவள் கிளம்பும்போது கெஞ்சினான்.

“ஒரே வரி. பாடியைத்தான் கொண்டு வந்தாங்கன்னு சொல்லிட்டு வந்துடு. ரெண்டு பேர் வேலையும் போச்சுன்னா புள்ளைங்களை எப்படிக் காப்பாத்துறது?”

கெட்டவன் இல்லை, பாவம். வயிறு என்று ஒன்று இருக்கிறதே.

விசாரணை அறையில் அதிகாரி, டைப் அடிக்கிற பெண், சுவரோரம் கால்மேல் கால் போட்டுக்கொண்டு இன்ஸ்பெக்டர்.

“பாடியை யார் கொண்டு வந்தது?” என்றார் அதிகாரி.

மனப்பாடம் செய்த வரி நாக்கு நுனியில் இருந்தது. பிடரிக்குப் பின்னால் யாரோ கூப்பிட்டார்கள். இந்த முறை அவள் திரும்பவில்லை.

“பாடி இல்லீங்க.”

“என்னம்மா?”

“பாடியா இருந்தா என்னை அக்கான்னு எப்படிங்க கூப்பிடும்? உயிரோடதான் வந்தார். அடிச்சிட்டாங்கன்னு என்கிட்ட சொன்னார்.”

பிள்ளைகளின் முகம் வந்து போனது. இன்ஸ்பெக்டர் காலைக் கீழே இறக்கினார்.

அதிகாரி டைப் அடிக்கிற பெண்ணிடம், “என் கேள்வியை எடுத்துடுங்க. மாத்திக் கேக்கறேன்” என்றார். சாமானைத்தானே கொண்டு வருவார்கள். மனுஷன் என்றால் கூட்டி வருவார்கள். அது அந்த மனிதருக்கு அப்போதுதான் உறைத்திருக்க வேண்டும்.

“அவரை யாரும்மா கூட்டிட்டு வந்தது?”

அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அழுதுகொண்டே சுவர்ப்பக்கம் கையை நீட்டினாள்.

“இவருதாங்க.”