மீதிப் பன்னிரண்டு

வீட்டு வேலையறையில் ஜஹாங்கீர் அசையாமல் நின்றுபோய் மூன்று வாரம் ஆகியிருந்தது. பரிவஷ் அவரை ஒரு தாளில் வரைந்தால் ஒரு நூலளவு நகர்வார். வரையாவிட்டால் அப்படியே நிற்பார். தெஹ்ரானில் அந்த வயதுக் கேமராக்காரர்கள் பலருக்கும் இப்படி ஆகியிருந்தது. யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

முப்பத்தெட்டு வருடமாக அவள் அனிமேஷன் படம் எடுக்கிறாள். அவள் வரைவாள், அவர் கேமராவில் பிடிப்பார். ஒன்பது படங்கள். எல்லாம் சேர்ந்து ஐம்பத்தோரு நிமிடம். எந்தப் படத்திலும் யாருக்கும் வாய் கிடையாது. வெளியூர் விழாக்களில் அதை அவளுடைய பாணி என்று புகழ்ந்தார்கள். வாய் வரைந்தால் பேச்சு வைக்க வேண்டும், பேச்சு வைத்தால் அனுமதி வாங்க வேண்டும். அதனால்தான் வரையவில்லை. இதை அவள் விழாக்களில் சொன்னதில்லை.

நின்றுபோன அன்று ஜஹாங்கீர் ஏதோ சொல்வதற்காகத்தான் அவள் பக்கம் திரும்பத் தொடங்கினார். முதல் இரண்டு நாளில் வரைந்து வரைந்தே அவர் தலையைத் திருப்பி முடித்துவிட்டாள். அடுத்து அவர் வாய் திறக்க வேண்டும்; வாய் வரைய அவளுக்குப் பழக்கமில்லை. பென்சிலோடு அறைக்குள் நடந்துகொண்டே இருந்தாள். தூக்கம் போயிற்று.

அப்போதுதான் திரைப்பட அலுவலகத்திலிருந்து கடிதம் வந்தது. அவள் இருப்பதற்கான சான்றிதழைப் புதுப்பிக்க வேண்டுமாம்.

அலுவலகத்தில் அதிகாரி மொஷீரியின் அறை தாழ்வாரத்தின் கடைசியில் இருந்தது. அவள் நடக்க நடக்கத் தாழ்வாரம் நீண்டது. நடந்தால் கிடைக்காது, நின்றால் அறையே வரும் என்றார் பியூன். நின்றாள். வந்தது.

மொஷீரி அவளுடைய ஒன்பது படங்களையும் எண்ணி வைத்திருந்தார்.

"ஒரு நொடிக்கு இருபத்துநாலு படம் இருக்கணும். நீங்க வரைஞ்சது பன்னண்டுதான். மீதிப் பன்னண்டுல எங்க இருந்தீங்க?"

ஒவ்வொரு தாளையும் ஜஹாங்கீர் இரண்டு தடவை படம்பிடிப்பார், அதுதான் வழக்கம் என்று விளக்கினாள். அப்படியானால் அவள் ஆயுளில் பாதி அவருடையது என்றார் மொஷீரி. அந்தப் பாதி அவளுக்கே என்று மதியம் ஒரு மணிக்குள் படிவத்தில் ஜஹாங்கீரின் கையெழுத்து வேண்டும். இல்லாவிட்டால் அந்தப் பாதியை அலுவலகம் எடுத்துக்கொள்ளும். மொஷீரியின் குரலில் கோபம் எதுவும் இல்லை.

வீட்டில் நாற்பத்தெட்டுத் தாள்கள் மிச்சம் இருந்தன. நான்கு நொடி. ஜஹாங்கீர் மேசைக்குத் திரும்பி, பேனா எடுத்து, கையெழுத்துப் போட நான்கு நொடி சரியாக இருக்கும். படிவத்தை மேசையில் விரித்தாள். பேனாவைத் திறந்து வைத்தாள். பிறகு அவர் முகத்தைப் பார்த்தாள். சொல்ல வந்தது அவர் உதட்டுக்குப் பின்னால் மூன்று வாரமாகக் காத்திருந்தது.

கண்ணாடியை எடுத்துவந்து தன் வாயைப் பார்த்தாள். முதல் வாய் கோணலாக வந்தது. ஜஹாங்கீரின் உதடும் கோணலாகத் திறந்தது. அவள் அழிக்கவில்லை. அடுத்த தாளை எடுத்தாள். நாற்பத்தெட்டாவது தாளில் அவர் சொல்லி முடித்தார்.

"கொஞ்சம் தூங்குங்க பரிவஷ். நான் பாத்துக்கறேன்."

அவ்வளவுதான். தாள் தீர்ந்துவிட்டது. அவர் வாய் மூடாமல் நின்றார்.

வெறும் படிவத்தோடு அவள் திரும்பிப் போனாள். மணி ஒன்றாக ஐந்து நிமிடம் இருந்தது.

"கையெழுத்து?"

"போடல. பேசினார்."

மொஷீரி படிவத்தைத் திருப்பிப் பார்த்தார். பேச்சுக்குப் படிவத்தில் கட்டம் இல்லை என்றார். பாதிச் சான்றிதழில் முத்திரை குத்திக் கொடுத்தார்.

அன்றிலிருந்து பரிவஷ் ஒரு நொடிக்குப் பன்னிரண்டு தடவை இங்கே இருக்கிறாள். மீதிப் பன்னிரண்டு தடவை இல்லை. பேருந்தில் பக்கத்தில் உட்காருபவர்களுக்கு வித்தியாசம் தெரிவதில்லை.

இல்லாத நேரத்தில் அவள் ஒரு கதவின் முன்னால் நிற்கிறாள். அந்தப் பக்கம் யாரோ செருப்பில்லாமல் நடக்கிறார், நாற்காலியை இழுக்கிறார், லென்ஸை ஊதித் துடைக்கிறார். ஊதும் விதத்திலேயே யாரென்று அவளுக்குத் தெரியும். தட்டுவதற்குக் கையை ஓங்குகிறாள். அதற்குள் இங்கே இருக்க வேண்டிய முறை வந்துவிடுகிறது.