தன் புகழைத் தானே பாடியவள்

"பணிவே உருவானவர் நம் அபோண்டி," என்று பெரியப்பா ஓவிட்டி மைக்கில் வாசித்துக்கொண்டிருந்தார். வீட்டுக்குப் பின்னால் யூகலிப்டஸ் மரத்தடியில் மடியில் லேப்டாப்போடு உட்கார்ந்திருந்த அக்கேயோவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பணிவாம். காதில் விழுந்தால் அம்மா சவப்பெட்டிக்குள்ளிருந்தே எழுந்து வந்து அந்த மைக்கைப் பிடுங்கியிருப்பாள்.

கென்யாவின் லுவோ ஜனங்களுக்குத் தற்பெருமை குற்றமில்லை. ஓடுகிற பாட்டை நிறுத்தச் சொல்லி, கூட்டத்தின் நடுவில் நின்று தன் புகழைத் தானே பாடிக்கொள்வதற்கு பக்ருஓக் என்று பெயரே உண்டு. ஏரிக்கரையில் மீன் விற்ற அம்மா அபோண்டியை அதில் மிஞ்ச ஆள் கிடையாது. போன மாதம் வானொலிக்கே போன் போட்டுப் பாடியிருக்கிறாள். அந்தக் குரல் ஒலிக்காமல் அம்மாவைப் பணிவானவளாக மண்ணுக்குள் அனுப்ப அக்கேயோவுக்கு மனம் வரவில்லை.

வானொலி நிலையத்தின் இணையதளத்தில் அந்த நாள் ஒலிபரப்பு முழுவதும் ஒரே கோப்பாகக் கிடந்தது. அதை இறக்க, போனில் மிச்சமிருந்த டேட்டா யானைப் பசிக்குச் சோளப்பொரி. 'முழுசும் வேண்டாம், இங்கிருந்து இதுவரைக்கும் மட்டும் கொடு' என்று சர்வரைக் கேட்கிற ஸ்கிரிப்ட் ஒன்றை எழுதினாள். நைரோபியில் அவள் சம்பளம் வாங்குவதே இந்த மாதிரி வேலைக்குத்தான்.

"அம்மா எப்பப் பேசினாங்க, சின்னம்மா?"

பக்கத்தில் நின்ற ரிஸ்பா, அம்மாவுடன் மீன் விற்றவள். "எட்டு மணி நியூஸ் முடிஞ்சு, சாவு அறிவிப்புக்கு முன்னாடி. நான் மீனு காயப்போட்டுக்கிட்டே கேட்டேன்."

நேரத்தை வைத்துக் கோப்பில் இடத்தைக் கணக்கிட்டு, முதலில் சின்னத் துண்டாகக் கேட்டாள். வந்தது. யாரோ ஒரு பெரியவரை வெள்ளிக்கிழமை புதைக்கிறார்கள் என்றார் அறிவிப்பாளர்.

"தாண்டிட்டடி," என்றாள் ரிஸ்பா. "பின்னாடி போ."

டேட்டா இன்னும் ஒரு தடவைக்குத்தான் காணும். எண்களைக் குறைத்து மறுபடி ஓட்டினாள். அதற்குள் பெரியப்பாவே மைக்கும் கையுமாக வந்துவிட்டார்.

"குழிக்கிட்ட தூக்கிட்டுப் போறாங்க. பெத்தவளவிட இந்தக் கம்ப்யூட்டர் பெருசாடி உனக்கு?"

"மைக்க ரெண்டு நிமிஷம் குடுங்க பெரியப்பா. நீங்க வாசிச்சது பொய்."

"வீட்டுக்கு வந்த மருமகள வேற எப்படிச் சொல்றதாம்?"

"அவங்களே சொல்லட்டும்."

டேட்டா தீர்ந்தது என்று போனில் செய்தி வந்தது. ஆனால் துண்டு இறங்கியிருந்தது. பெரியப்பா அவளையே பார்த்தார். பிறகு மைக்கை நீட்டினார்.

குழியருகில் அக்கேயோ மைக்கை லேப்டாப்பின் மேல் பிடித்தாள்.

"யாரும்மா பேசுறது?" என்று அறிவிப்பாளரின் குரல் கேட்டது.

"யாருன்னா கேக்குற? ஏரி கொந்தளிச்சா ஆம்பளைங்க கரையேறுவாங்க, நான் கூடையோட எறங்குவேன். என் மீனு போகாம இந்த ஊர்ல அடுப்பு எரியாது. நைரோபில மெஷினுக்கே உத்தரவு போடுறா ஒருத்தி, அவளப் பெத்த வயிறு இது. இன்னும் கேளு, நான்..."

நின்றுவிட்டது. அவள் கேட்ட அளவு அவ்வளவுதான். மிச்சத்தை இறக்க வழியில்லை.

"பாட்ட நிறுத்து," என்றாள் ரிஸ்பா. யாரும் பாடிக்கொண்டிருக்கவில்லை. "மிச்சத்த நான் சொல்றேன். படகுக்காரன் அவ மொகத்தப் பாத்துத்தான் வெலையே சொல்லுவான்."

இன்னொரு மீன்காரி முன்னால் வந்தாள். அவளுக்குப் பின் இன்னொருத்தி. கடைசியில் பெரியப்பா மைக்கைக் கேட்டு வாங்கினார்.

"இந்த வீட்ல என்னை எதுத்துப் பேசின ஒரே ஆளு," என்றார். "அத எழுதாம விட்டுட்டேன்."

பெண்கள் சிரித்தார்கள், மறுபடி ஆரம்பித்தார்கள். ஒருத்தி முடிப்பதற்குள் அடுத்தவள். நடுவில் ஆண்கள் மண்வெட்டியை எடுத்திருந்தார்கள். பெட்டியின் மேல் மண் விழுந்த சத்தம் யாருக்கும் கேட்கவில்லை.