இரண்டு முறை அழுத பிள்ளை

சிவநாதன் சார் நல்ல மனிதர் என்று தலத்தெருவில் நான்கு பேர் சொல்கிறார்கள். இருக்கட்டும். அவர் நீட்டிய தாளில் நான் ஏன் கையெழுத்துப் போடவில்லை என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

என் பெயர் தாமரைச்செல்வி. சொந்த ஊர் குரும்பகரம். காரைக்காலில் ஒரு சின்னப் பிரசவ ஆஸ்பத்திரியில் பதினெட்டு வருஷமாக நர்ஸ். கடற்கரையில் சோதனைக்கென்று ராணுவம் ஒரு புதுப் பீரங்கியைக் கொண்டுவந்து நிறுத்தியபோது ஊரே போய் செல்ஃபி எடுத்தது, நானும்தான் போனேன். சுட்டால் குண்டு வராது. சுற்றியுள்ள காலம் அரை மணி நேரம் பின்னால் போகும். எதிரிக் கப்பல் வந்த வழியே திரும்பிவிடுமாம். நம்மைச் சுற்றிலும் அடுத்த மாநிலம். அங்கே சோதனை செய்ய ஒத்துக்கொள்ளவில்லை. நடுவில் கிடக்கிற நம்மைக் கேட்பார் யார்? உடம்பும் பொருளும் பழையபடி ஆகிவிடும், நினைவு மட்டும் அப்படியே இருக்கும், யாருக்கும் பாதிப்பில்லை என்று நோட்டீஸ் ஒட்டினார்கள். எந்த நாள், எத்தனை மணிக்கு என்று போடவில்லை. அது ரகசியமாம்.

ஷஃபீனாவுக்கு அன்று மதியம் வலி கண்டது. தலைப்பிரசவம். புருஷன் துபாயில். அவளுடைய வாப்பா சேக் அலாவுதீன்தான் வராந்தாவில் நின்றார். மூன்று பத்துக்குப் பெண் பிள்ளை பிறந்தது. தொப்புள்கொடியை அறுக்கும் முன்பே அது அலறிய அலறலில் டாக்டரம்மா சிரித்துவிட்டார். துடைத்துச் சுற்றி வாப்பாவிடம் கொடுத்தேன். வலது காதில் பாங்கு சொல்லி, பஹீமா என்று பெயரும் சொன்னார்.

அப்போது தரை ஒருமுறை அதிர்ந்தது. சுவர்க் கடிகாரத்தில் மணி இரண்டு ஐம்பது. வராந்தாவில் வாப்பா தன் வெறுங்கையைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஷஃபீனா நிறை வயிற்றோடு கட்டிலில் கத்திக்கொண்டிருந்தாள்.

நோட்டீஸில் இருந்த நம்பருக்குப் போன் போட்டேன். எடுத்தவர் சிவநாதன் சார், சோதனைக்குப் பொறுப்பான அதிகாரி.

"இங்க பிரசவம் நடக்குதுங்க. பொறந்த புள்ளை திரும்ப உள்ள போயிருச்சு. நிறுத்துங்க."

"ரெண்டு ரவுண்டுக்குப் பர்மிஷன் வாங்கியாச்சும்மா. நடுவுல நிறுத்த முடியாது. தாய்க்குக் களைப்பு இருக்காது, உடம்புதான் பழையபடி ஆயிருதுல்ல."

பிள்ளை பெற்றவள் ஒருத்தியைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பாள், களைப்பு உடம்பில் மட்டுமா இருக்கிறது என்று.

இரண்டாம் முறையும் பெற்றாள். பிள்ளை முன்னைவிடச் சத்தமாக அழுதது. வாப்பா மறுபடி பாங்கைத் தொடங்கினார். பாதியில் மறுபடி தரை அதிர்ந்தது.

மூன்றாம் முறை ஷஃபீனா முக்கவில்லை.

"முக்கு ஷஃபீனா, தலை தெரியுதுடி."

"எதுக்குக்கா? திரும்பவும் உள்ள போயிரும்."

இரண்டு ரவுண்டும் முடிந்தது, இனிச் சுட மாட்டார்கள் என்று எவ்வளவோ கெஞ்சினேன். கடைசியில் டாக்டரம்மா ஆயுதம் போட்டுத்தான் எடுத்தார். எங்களுக்குத் தெரிந்த ஆயுதம் அது ஒன்றுதான், பிள்ளையை வெளியே எடுக்கிற ஆயுதம். ஆனால் நேரம் கடந்துவிட்டது. பிள்ளை நீலம் பாரித்து வந்தது. முதுகைத் தேய்த்தேன், பாதத்தைச் சுண்டினேன், மூச்சுக் கொடுத்துப் பார்த்தோம். அழவில்லை.

மறுபடி போனை எடுத்தேன்.

"இன்னொரு தடவை சுடுங்க சார். உங்க காலைப் புடிக்கிறேன். அரை மணி நேரம், அவ்வளவுதான்."

"ரெண்டு ரவுண்டுக்குத்தாம்மா பர்மிஷன். மெஷினை அணைச்சாச்சு."

அவர் குரலில் வருத்தம்கூட இருந்தது. அந்த வருத்தத்தை நினைத்தால் இப்போதும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

சாயங்காலம் அவரே தாளோடு வந்தார். பாதிப்பு: இல்லை. பிள்ளை: இறந்து பிறந்தது.

"மொதல் ரெண்டும் நடக்கவே இல்லைன்னுதாம்மா அர்த்தம். நடந்தது ஒண்ணுதான். அதுல புள்ளை அழலை."

டாக்டரம்மா தலையைக் குனிந்துகொண்டு கையெழுத்துப் போட்டுவிட்டார். பேனா என் பக்கம் வந்தபோது வாப்பா பள்ளிவாசல் ஹஸ்ரத்தை அழைத்துக்கொண்டு உள்ளே வந்தார். பிறந்து அழுத பிள்ளை என்றால் குளிப்பாட்டி, கஃபன் துணி சுற்றி, ஜனாஸா தொழுகை வைத்து அடக்குவார்கள். அழாமலே வந்த பிள்ளைக்கு அந்தத் தொழுகை இல்லை. பேத்திக்கு அதுவாவது கிடைக்க வேண்டும் என்று தவித்தார் வாப்பா.

ஹஸ்ரத் என்னைத்தான் கேட்டார். "புள்ளை அழுதுச்சாம்மா?"

"அது கணக்குல வராதுங்க..." என்று தொடங்கினார் சிவநாதன் சார்.

"நான் அவங்கள்ட்ட கேட்டேன்" என்றார் ஹஸ்ரத்.

"அழுதுச்சுங்க. ரெண்டு தடவை. ரெண்டாவது தடவை இன்னும் சத்தமா."

ஹஸ்ரத் தலையாட்டினார். "காதால கேட்டவங்க இருக்கீங்க. அப்ப நடந்திருக்கு. பாய், குளிப்பாட்டத் தண்ணி வைக்கச் சொல்லுங்க. தொழுவோம்."

வாப்பா சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதார். நான் தாளில் 'இல்லை' என்பதை அடித்துவிட்டு, பஹீமா என்று எழுதி, கையெழுத்துப் போடாமல் திருப்பிக் கொடுத்தேன்.

உள்ளே போனபோது ஷஃபீனா வயிற்றில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இன்னொரு தடவை சுடுவாங்களாக்கா?" என்று கேட்டாள். "இப்ப நல்லா முக்குறேன்."