தாட்பத்ரியில் ஏழு நட்சத்திரம்

முகைதீன் கூரையிலிருந்து விழுந்து செத்து முப்பத்தொன்பது நாள் ஆகியிருந்தது. அந்த முப்பத்தொன்பது நாளும் இசக்கி அந்த வீட்டுக்குப் போனாள். பள்ளிக்கூடத்துக்கு முன்னால் ஒரு நடை, விட்டு வந்ததும் ஒரு நடை. முகைதீன் பெண்டாட்டி சாயிரா இத்தா இருந்தாள். புருஷன் மவுத்தானதிலிருந்து நாலு மாசம் பத்து நாள் வீட்டைவிட்டு இறங்கக்கூடாது, வெளி ஆம்பளை முகத்தில் முழிக்கக்கூடாது. பால், பாவ் ரொட்டி, சின்னவன் அப்துல் ஹாதிக்கு இருமல் மருந்து எல்லாம் வாங்கிக் கொடுத்தது இசக்கிதான்.

மாட்டுங்கா லேபர் கேம்பில் அந்தச் சந்தே அவளை மெச்சியது. "சிநேகிதின்னா இதுல்லா சிநேகிதி. அந்தத் தமன்னா பிள்ளையக் கண்ணுக்குள்ள வச்சுப் பாக்கா" என்று குழாயடியில் பேசினார்கள். ஒவ்வொரு மெச்சலும் அவளுக்குச் செருப்படி மாதிரி விழுந்தது. குடத்தைப் பாதி நிறைத்துக்கொண்டு ஓடிவந்துவிடுவாள்.

இசக்கிக்கும் முகைதீன் மகள் தமன்னாவுக்கும் பன்னிரண்டு வயது. ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒரே பெஞ்சு.

மார்ச் மாதம் பள்ளிக்கூடத்திலிருந்து வொர்லி கோளரங்கத்துக்குக் கூட்டிப்போனார்கள். தமன்னா போகவில்லை. ஹாதிக்குக் காய்ச்சல், வீட்டிலேயே நடந்த வாப்பாவின் தோல்பைப் பட்டறையில் அவசர வேலை, உம்மா மிஷினில் உட்கார்ந்தாக வேண்டும். இசக்கி போய்விட்டு வந்து ஒரு வாரம் அதே கதைதான்.

"லைட்ட அணைச்சிட்டாங்கன்னா தலைக்கு மேல உப்ப அள்ளித் தூவுன மாதிரி இருக்கும்ட்டி. நம்ம கேம்ப்ல மேல பாத்தா என்ன தெரியும்? வயரும் காக்காவும். அங்க எண்ணவே முடியாது."

"பீத்தாத. நான் அன்னைக்கு ஹாதி மூக்கச் சிந்திக்கிட்டு இருந்தேன். அதையும்தான் எண்ண முடியல."

சிரிப்பதற்காகத்தான் தமன்னா சொன்னாள். ஆனாலும் அவள் முகம் சுண்டிப்போனதை இசக்கி பார்த்தாள். நோட்டில் அகப்பை மாதிரி ஏழு புள்ளி வைத்துக் காட்டினாள். "இதான் சப்தரிஷி. உனக்கு நான் இங்கயே காட்டுதேன். பக்கா."

எப்படிக் காட்டுவது என்று அவளுக்கு மே மாதம் ஒரு வெள்ளிக்கிழமை தோன்றியது. முகைதீனும் வேலையாட்களும் ஜும்மாவுக்குப் போயிருந்தார்கள். ஏணி ஏறிப் போகும் மேல்தட்டான மாளாவில், தோல் கட்டுகளுக்குப் பக்கத்தில், மழைக்காலத்தில் கூரைமேல் விரிக்கிற நீலத் தாட்பத்ரி மடித்து வைத்திருந்தது. மேசையில் எட்டாம் நம்பர் பஞ்ச் கிடந்தது. பெல்ட்டுக்கு ஓட்டை போடுகிற இரும்பு. இசக்கி நோட்டைப் பார்த்துப் பார்த்துத் தாட்பத்ரியில் அதை வைத்துச் சுத்தியலால் ஏழு இடத்தில் அடித்தாள். ஞாயிற்றுக்கிழமை ஜன்னல் வெயிலில் இதைப் பிடித்து உள்ளே தமன்னாவை உட்கார வைத்தால் கோளரங்கம்தான்.

"மேல என்னட்டி சத்தம்?" என்று கீழிருந்து தமன்னா கேட்டாள். தம்பிக்குச் சோறூட்டிக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணுமில்ல. ஆணி."

ஞாயிற்றுக்கிழமை வருவதற்குள் சனிக்கிழமை வந்துவிட்டது. மழை முந்திக்கொள்ளும் என்று டிவியில் சொல்லிவிட்டார்கள். கேம்ப் முழுக்க இசக்கியின் அப்பன் செல்வத்தைத் தேடியது. மற்ற மாதங்களில் மூட்டை தூக்குகிறவன் செல்வம். மே மாதம் வந்தால் கூரைக்கு விரிப்புக் கட்டுவதில் அவனை அடிக்க ஆள் கிடையாது. அவனிடம் ஒரு முறை உண்டு. விரிக்கும் முன் தாட்பத்ரியை வெயிலில் நாலு பேர் இழுத்துப் பிடிக்க வேண்டும். ஒருத்தர் அடியில் தவழ்ந்து போய் அண்ணாந்து பார்க்க வேண்டும். ஊசிமுனை வெளிச்சம் தெரிந்தாலும் ஒட்டுப் போட்ட பிறகுதான் கூரை ஏறும். ஏழு வயதிலிருந்து அடியில் போய்ப் பார்க்கிறது இசக்கிதான். "என் மக கண்ணு கண்ணில்லவே, டார்ச்சு" என்பான்.

அன்றைக்கு முகைதீன் வீட்டு வாசலில் தாட்பத்ரியைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றான். இன்னும் பதினோரு கூரை பாக்கி.

"ஏளா, உள்ள போய்ப் பாத்துருதியா?"

இசக்கி அப்பனின் தோளிலிருந்த மடிப்பைப் பார்த்தாள். பிரித்தால் தெரிந்துவிடும். முகைதீன் மாமா பக்கத்தில் நிற்கிறார், சாயிரா மாமி நிற்கிறாள், சந்தே நிற்கிறது. நடுச்சந்தில் அறை விழும்.

"போன வருசம் வாங்குன புதுசுதானப்பா," என்றாள். "அதுல என்ன பாக்க?"

"அதுஞ்சரிதான்."

அவன் ஏறினான். ஏணியைப் பிடித்துக்கொண்டது இசக்கி. அவன் அவசர அவசரமாக விரித்து, கயிறு இழுத்து, பழைய டயரைத் தூக்கி மேலே வைக்கிற வரைக்கும் அவள் வாய்க்குள் ஒரு சொல் நின்றது. ஏழு ஓட்டைதானே, என்ன ஆகிவிடப்போகிறது என்று அதை முழுங்கிவிட்டாள்.

ஜூன் நடுவில் மூன்று நாள் விடாமல் ஊற்றியது. மறுநாள் அனுப்பவேண்டிய பைகளெல்லாம் மாளாவில் அடுக்கியிருந்தது. அதன்மேல் ஒழுகியது. ஒரு இடத்தில் சட்டி வைத்தால் இன்னொரு இடத்தில் ஒழுகியது. முகைதீன் செல்வத்துக்கு ஆள் அனுப்பினார். செல்வம் சுனாபட்டியில் வேறொரு கூரையில் இருந்தான். பொறுக்கமாட்டாமல் தானே ஏறினார். ஈரத் தகரம் வழுக்கிவிட்டது. சாக்கடைக் கல்லில் தலை. ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே முடிந்துவிட்டது.

அடக்கம் முடிந்து கபர்ஸ்தானிலிருந்து திரும்பியதும், குர்லாவில் ஸ்பேர் பார்ட்ஸ் கடை வைத்திருக்கும் சாயிராவின் அண்ணன் அந்தத் தாட்பத்ரியைக் கூரையிலிருந்து இழுத்துச் சுருட்டி மாளாவில் எறிந்தார். சந்தில் வைத்துச் செல்வத்தின் சட்டையைப் பிடித்தார். "பாக்காம விரிச்சியாடா நாயே?"

"ஆமா பாய்," என்றான் செல்வம். "பாக்கல."

அவ்வளவுதான் சொன்னான். மகள் சொன்னதை அங்கேயும் சொல்லவில்லை, வீட்டிலும் சொல்லவில்லை. அன்றிலிருந்து ஒரு கூரையும் ஏறவில்லை. மழை நேரம், கூப்பிட ஆள் வந்தால் முதுகைத் திருப்பிப் படுத்துக்கொள்வான்.

"கூரை ஏறுத மனுசன் பாயில ஏறிக் கெடக்கேரு," என்று இசக்கியின் அம்மா முப்பிடாதி பாத்திரத்தை உருட்டுவாள். "செத்தவரு ஒருத்தரு. இந்த வீட்டுல இருக்கது எத்தன பொணம்?"

இசக்கி சோற்றை அளைந்துவிட்டு எழுந்துவிடுவாள்.

நாற்பதாம் நாள் ஃபாத்திஹாவுக்கு முந்தின மத்தியானம், சாயிராவின் வீட்டில் பெண்கள் கூட்டம். அரிசி பொறுக்குவதும் ஒப்பாரியுமாக இருந்தது. தமன்னா இசக்கியின் கையைப் பிடித்து மாளாவுக்கு இழுத்துக்கொண்டு போனாள். பல நாள் கழித்து வெயில் அடித்தது. ஜன்னல் வழியாக வந்து அந்தச் சுருட்டின தாட்பத்ரிமேல் விழுந்தது.

"வாரவ எல்லாம் என்னக் கட்டிப்புடிச்சு அழுதாளுவ. அழுது முடிச்சதும் பிரியாணிக்கு எத்தன கிலோன்னு கேக்காளுவ," என்றாள் தமன்னா. "உங்க தெருவு அக்கா ஒருத்தி, 'உங்க வாப்பா நட்சத்திரமா ஆயிட்டாரு, மேல பாரு'ங்கா. மேல பாத்தேன். ஃபேனு."

"நீ என்ன சொன்ன?"

"எங்க வாப்பா கபர்ல இருக்காருன்னேன். நட்சத்திரமாவா ஆவாங்க? பாகல். கிறுக்கு." மூக்கைத் துடைத்தாள். "கொஞ்ச நேரம் ஒருத்தரும் என்னப் பாக்கக்கூடாது. வா."

இசக்கி தடுப்பதற்குள் தாட்பத்ரியை உதறி ஜன்னல் கம்பியிலும் தோல் கட்டிலும் மாட்டி, அவளையும் இழுத்துக்கொண்டு அடியில் நுழைந்துவிட்டாள்.

உள்ளே நீல இருட்டு. தலைக்கு மேல் வெளிச்சப் புள்ளிகள்.

ஏழு இல்லை. எங்கே பார்த்தாலும் புள்ளி. ஒரு அகப்பை நேராக, ஒன்று தலைகீழாக, ஒன்று கண்ணாடியில் பார்த்த மாதிரி. அப்போதுதான் இசக்கிக்கு உறைத்தது. தாட்பத்ரி எட்டாக மடித்திருந்தது. ஒரு அடிக்கு எட்டு ஓட்டை.

"ஏட்டி!" தமன்னா அவள் தோளை உலுக்கினாள். "நட்சத்திரம்ட்டி! இங்க பாரு, இங்க பாரு!" முப்பத்தொன்பது நாளில் அவள் சிரித்தது அதுதான் முதல் தடவை. கையை நீட்டினாள்; உள்ளங்கையில் ஒரு வெளிச்சப் பொட்டு விழுந்தது. அதைப் பொத்தப் பார்த்தாள். "ஒண்ணு, ரெண்டு, மூணு..." எண்ணிக்கொண்டே தவழ்ந்தாள். "அம்பத்தஞ்சு, அம்பத்தாறு. நீ சொன்னது மாதிரியே இருக்குல்லா?"

இசக்கி யோசித்தாள். இப்போதும் முழுங்கிவிடலாம். எலி கடித்தது என்று சொல்லலாம். இவள் சிரித்துக்கொண்டே இருப்பாள். அப்பன் படுத்துக்கொண்டே இருப்பான்.

தமன்னா ஒரு ஓட்டையில் சுண்டுவிரலை விட்டுப் பார்த்தாள். பட்டறையில் பிறந்து வளர்ந்தவள். விரல் அப்படியே நின்றுவிட்டது.

"எட்டாம் நம்பர்," என்றாள் மெதுவாக.

"நான்தான்," என்றாள் இசக்கி. "உனக்குக் காட்டத்தான். ஏழுதான் அடிச்சேன். மடிச்சிருந்தது தெரியாது. எங்கப்பா உள்ள போய்ப் பாக்கச் சொன்னாரு. நாந்தான் வேண்டாம்னேன். ஏணியையும் நாந்தான் புடிச்சேன்."

எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டிவிட்டாள். கொட்டினால் இறங்கும் என்று நினைத்திருந்தாள். இறங்கவில்லை.

தமன்னா அவள் முன்கையைப் பிடித்துக் கடித்தாள். பல் பதிந்து ரத்தம் கசிகிற வரைக்கும் கடித்தாள். இசக்கி கையை இழுக்கவில்லை. அப்புறம் வாயைத் துடைத்துக்கொண்டு, "உம்மாகிட்டச் சொல்லு," என்றாள். "நான் சொல்லமாட்டேன். நீ சொல்லு."

சாயிரா பெண்களை அடுப்படிப் பக்கம் அனுப்பிவிட்டு இசக்கி சொன்னதைக் கேட்டாள். வெள்ளைத் துணி முக்காட்டுக்குள் அவள் முகம் அசையவே இல்லை. ஹாதி மடியில் தூங்கிக்கொண்டிருந்தான்.

"இத்தன நாளும் பாலு வாங்கிட்டு வந்தியே," என்றாள் கடைசியில். "அது இதுக்குத்தானா?"

இசக்கி ஆமென்று தலையை ஆட்டினாள்.

"உங்கப்பனுக்குத் தெரியுமா?"

"தெரியாது மாமி."

"எங்கண்ணன் அவரு சட்டையப் புடிச்சப்ப நீ எங்க நின்ன?"

"குழாய்க்குப் பின்னால."

சாயிரா ஹாதியின் தலையை மடியில் நகர்த்தி வைத்தாள். "உன்ன அடிக்கணும்னு கை வருது. புள்ள தூங்குறான், அதான் கை நிக்குது. தமன்னா வாப்பாவும் சும்மா இருந்திருக்கலாம், மழை விட்டப்புறம் ஏறுங்கன்னேன், கேட்டாரா? பையி பையின்னு போனாரு." முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டாள். "எங்கண்ணன் புதுத் தாட்பத்ரி கொண்டுவந்து வச்சிருக்கான். இந்தக் கூரையில ஏற ஒருத்தனும் வரமாட்டேங்கான். மையத்து விழுந்த கூரையாம். நாளைக்கு ஃபாத்திஹா ஓதும்போது ஒழுகக்கூடாது. போயி உங்கப்பன்கிட்டச் சொல்லு. மொதல்ல நீ செஞ்சதச் சொல்லு. பெறகு வரச் சொல்லு. இப்ப என் கண்ணு முன்னால நிக்காத."

வீட்டில் செல்வம் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். இசக்கி நின்றபடி அவன் முதுகிடம் சொன்னாள். அடுப்படியில் உருண்டுகொண்டிருந்த பாத்திரம் நின்றது.

செல்வம் எழுந்து உட்கார்ந்தான். கை ஓங்கியது. இசக்கி கண்ணை மூடிக்கொண்டாள். அறை விழவில்லை. கண்ணைத் திறந்தபோது அவன் அந்தக் கையால் தன் முகத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தான்.

"எத்தன ஓட்ட?"

"அம்பத்தாறு."

"அம்பத்தாறு," என்றான். "ஒவ்வொண்ணும் சுண்டுவெரல் தடிமன். ஒண்ணக்கூட நான் பாக்கலியே."

"நாந்தானப்பா பாக்க வேண்டாம்னு..."

"நீ பிள்ள. நான் கூரக்காரன்." சட்டையைத் தேடினான். "உன் பங்கு உனக்கு, என் பங்கு எனக்கு. அதை வச்சு இதைக் கழிக்க முடியாதுளா."

முப்பிடாதி கயிற்றுக் கட்டை எடுத்து வாசலில் வைத்தாள்.

மறுநாள் விடிந்ததும் செல்வம் முகைதீன் வீட்டு வாசலில் போய் நின்றான். தொங்கின திரைக்கு முன்னால் நின்று, தரையைப் பார்த்தபடி, "சாயிராம்மா, செல்வம் வந்திருக்கேன்," என்றான். தோளிலிருந்த கயிற்றுக் கட்டை இறக்கி வைத்தான்.

திரைக்குள்ளிருந்து குரல் வந்தது. "பாத்து விரிங்கண்ணே."

புதுத் தாட்பத்ரியைச் சந்தில் விரித்தார்கள். குர்லா மாமா ஒரு மூலையைப் பிடித்தார். அவரும் செல்வமும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. மற்ற மூலைகளைப் பட்டறை ஆட்கள் பிடித்தார்கள். வெயில் நன்றாக ஏறியிருந்தது.

"உள்ள போளா," என்றான் செல்வம்.

இசக்கி தவழ்ந்து போனாள். முன்கையில் பல் தடம் தரையில் பட்டு எரிந்தது. உள்ளே பிளாஸ்டிக் வாடை. மல்லாந்து படுத்து, இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை பார்த்தாள்.

"வெளிச்சம் தெரியுதா?"

"இல்லப்பா."

"நல்லாப் பாரு."

எதிர்ப்பக்கம் விளிம்பு தூக்கியது. தமன்னா உள்ளே வந்தாள். இசக்கியைப் பார்க்கவில்லை. ஒரு ஆள் தூரம் தள்ளி மல்லாந்து படுத்தாள். அவளும் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை, ஒரு இடம் விடாமல் பார்த்தாள்.

"வாப்பா கூரைக்கு இது போதும்," என்று தமன்னா வெளியே கேட்கிற மாதிரிக் கத்தினாள். "ஒரு நட்சத்திரமும் இல்ல."

அதற்குப் பிறகும் அவள் எழுந்து போகவில்லை. இசக்கியிடம் பேசவும் இல்லை. வெளியே செல்வம் "விடுங்க, தூக்குவோம்" என்று குரல் கொடுக்கிற வரைக்கும் ரெண்டு பேரும் அந்த நீல இருட்டில் மேலே பார்த்தபடி கிடந்தார்கள்.